நயாகரா பேருந்துச் சுற்றுலாவில் 'காலச் சுழல் படிக்கட்டு' என்று பணம் கேட்டால் கொடுக்காதீர்கள்

ஊரிலிருந்து வந்திருக்கும் பெற்றோரை நியூ ஜெர்சியிலிருந்து நயாகரா அருவிக்குப் பேருந்துச் சுற்றுலாவில் அனுப்ப எண்ணியிருப்பவர்கள், முன்பதிவு செய்வதற்கு முன் இதைப் படித்துவிடுமாறு கேட்டுக்கொள்கிறேன். சென்ற கோடையில் என் அப்பாவும் அம்மாவும் அப்படியொரு பயணம் சென்றபோது, வழியில் ராச்செஸ்டர் நகரத்துக் கல்லூரிக் கட்டடம் ஒன்றில், எத்தனை படி ஏறினாலும் புறப்பட்ட இடத்துக்கும் புறப்பட்ட நிமிடத்துக்குமே கொண்டுவந்து விட்டுவிடும் அதிசயப் படிக்கட்டு இருப்பதாகச் சொல்லி, தலைக்கு 30 டாலர் ரொக்கமாக வாங்கிவிட்டார்கள். அப்படிப்பட்ட படிக்கட்டு அங்கே இல்லை என்பது மட்டுமல்ல, உலகில் எங்கும் அதைக் கட்டவே முடியாது.

பேருந்து கிளம்பிச் சில மணி நேரம் கழித்து, வழிகாட்டி முன்னிருக்கைக்கு மேலிருந்த திரையில் ஒரு காணொளியைப் போட்டிருக்கிறார். அதில் ஒருவர் மாடிப்படி ஏறி மேலே மறைகிறார். மறுகணமே கீழ்ப்படியில் வந்து நிற்கிறார். சுற்றி நிற்பவர்கள் வாய்பிளந்து பார்க்கிறார்கள். அந்தக் காணொளி பொய்யானது அல்ல, அதாவது அப்படி ஒரு காணொளி உண்மையிலேயே உண்டு. ராச்செஸ்டர் இன்ஸ்டிடியூட் ஆஃப் டெக்னாலஜியில் திரைப்படக் கலை பயின்ற மாணவர் ஒருவர் தம் முதுநிலைப் பட்டத்துக்காகப் பொதுமக்களிடம் நிதி திரட்டி எடுத்து, 2013-இல் இணையத்தில் வெளியிட்டது அது. நவீன காலத்துக்கு ஒரு கட்டுக்கதையை உருவாக்கிப் பார்ப்பதே அவருடைய நோக்கம். தொலைக்காட்சி ஆவணப்படத்தின் சாயலில், இல்லாத கட்டடக் கலைஞர் ஒருவரின் வரலாற்றையும் சேர்த்துச் சொல்லும் அந்தப் படத்தில், படிக்கட்டு சுழல்வது முழுக்க முழுக்கப் படத்தொகுப்பின் கைவண்ணம். எடுத்தவர் அதை மறைக்கவுமில்லை. கல்லூரிக்கும் எங்கள் பணம் போனதற்கும் எந்தத் தொடர்பும் கிடையாது.

அப்பா பொதுப்பணித் துறையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். அவர் வழிகாட்டியிடம், "தம்பி, ஒரு படிக்கு எத்தனை அங்குலம் உயரம் வைத்திருக்கிறார்கள்?" என்று கேட்டிருக்கிறார். கேள்வி சரியான இடத்தில் குத்துகிறது. நாற்புறமும் திரும்பிச் செல்லும் படிக்கட்டில் பக்கத்துக்கு 3 படி என்று வைத்துக்கொண்டாலும், ஒரு படி 15 செ.மீ. உயரமென்றால், ஒரு சுற்று முடியும்போது ஏறுபவர் தொடங்கிய இடத்தைவிட 180 செ.மீ. மேலே இருந்தாக வேண்டும். தாளில் வரையும்போது மட்டுமே, ஒரே ஒரு கோணத்திலிருந்து பார்க்கையில், அந்த ஆள் உயர இடைவெளியைக் கண்ணுக்குத் தெரியாமல் மூடிவிட முடியும். மரபியலாளரும் மனநல மருத்துவருமான லயனல் பென்ரோஸ், பின்னாளில் 2020-இல் இயற்பியல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்ட அவர் மகன் ராஜர் பென்ரோஸ் ஆகிய இருவரும் 1958-இல் ஓர் உளவியல் இதழில் எழுதிய கட்டுரையில் இந்தப் படிக்கட்டை விளக்கினார்கள். அதைப் பார்த்து டச்சு ஓவியர் எஷர் 1960-இல் ஒரு கல்லச்சு ஓவியம் செய்தார். அதில் துறவிகள் மாளிகையின் கூரைமேல் இரண்டு வரிசையாக, ஒரு வரிசை ஓயாமல் ஏறவும் மற்றது ஓயாமல் இறங்கவுமாகச் சுற்றிக்கொண்டே இருப்பார்கள். (இரண்டு பேர் மட்டும் அந்தச் சுற்றில் சேராமல் தனியே ஒதுங்கியிருப்பார்கள், என் பெற்றோருக்கு அந்த வசதி அளிக்கப்படவில்லை.) காலம் நின்றுவிடும், கைக்கடிகாரம் நகராது என்பதெல்லாம் அந்தக் கட்டுரையிலும் இல்லை, அந்த ஓவியத்திலும் இல்லை, அவை நம் வழிகாட்டியின் சொந்தச் சரக்கு.

அப்பாவின் கேள்விக்கு அவர், "அங்கிள், நேரில் பார்த்தால் நம்புவீர்கள்" என்று சிரித்துவிட்டு, வர விரும்பாதவர்கள் பேருந்துக்குள் உட்கார முடியாது, வண்டியைப் பூட்டிவிடுவோம், திரும்பி வரும்வரை வெளியே நிற்க வேண்டும் என்றிருக்கிறார். அம்மாவுக்கு மூட்டுவலி. வெயிலில் எங்கே நிற்பது? இருவருக்குமாக 60 டாலர் கைமாறியது.

அடுத்து ஒரு படிவம் நீட்டப்பட்டது. அதன் பிரதி என்னிடம் இருக்கிறது. முதல் பத்தியில், "சுழலில் சிக்கி உரிய நேரத்தில் திரும்பாத பயணிகளுக்கு நிறுவனம் பொறுப்பல்ல" என்று தடித்த எழுத்தில் அச்சிட்டிருக்கிறார்கள். பேருந்தே அதைப் படித்துச் சிரித்ததாம், ஒருவருக்கொருவர் பயம் காட்டிக்கொண்டதாம். அந்தச் சிரிப்பில் யாரும் கவனிக்காத இரண்டாம் பத்தி பொடி எழுத்தில் இருக்கிறது: இடம் மூடியிருந்தாலும், அனுமதி மறுக்கப்பட்டாலும், செலுத்திய தொகை எக்காரணம் கொண்டும் திருப்பித் தரப்படாது. வேடிக்கையான முதல் பத்தியை அங்கே வைத்ததே இரண்டாம் பத்தியில் கையெழுத்து வாங்குவதற்குத்தான் என்பது என் கணிப்பு.

கல்லூரி வளாகத்தில் நடந்ததைச் சொல்ல அதிகமில்லை. செங்கல் கட்டடம் ஒன்றின் பூட்டிய கதவுக்கு முன்னால் நிறுத்தி, இன்று விடுமுறை என்று தமக்கு இப்போதுதான் தெரிந்ததாகச் சொல்லி, ஜன்னல் வழியே தெரிந்த சாதாரண மாடிப்படியைக் காட்டி, படம் எடுத்துக்கொள்ளச் சொல்லியிருக்கிறார். அதற்காகப் பாதையை மாற்றிச் சுற்றிக்கொண்டு போனதால், பயணத் திட்டத்தில் 2 மணி நேரம் என்று எழுதியிருந்த கார்னிங் கண்ணாடி அருங்காட்சியகம் அரை மணி நேரத்தில் முடிந்துவிட்டது. உருகிய கண்ணாடியை ஊதி உருவம் கொடுக்கும் செய்முறையைப் பார்க்க வேண்டும் என்றுதான் அம்மா இந்தப் பயணத்துக்கே ஒப்புக்கொண்டார். அது தொடங்குவதற்குள் விசில் ஊதி அழைத்துவிட்டார்கள். எனக்கு 60 டாலரைவிட இதுதான் ஆறவில்லை.

நிறுவனத்துக்கு மின்னஞ்சல் அனுப்பினேன். அது வழிகாட்டியின் தனிப்பட்ட ஏற்பாடு, தங்களுக்குத் தெரியாது என்று முதலில் பதில் வந்தது. நிறுவனத்தின் பெயரும் முத்திரையும் உள்ள படிவத்தின் படத்தை அனுப்பிய பிறகு, அதே படிவத்தில் உங்கள் தந்தை கையெழுத்திட்டிருக்கிறார், ஆகவே பணம் தர இயலாது என்று எழுதினார்கள். தெரியாத ஏற்பாட்டுக்குப் படிவம் அச்சிட்டது யார் என்ற கேள்விக்குப் பதில் இல்லை.

எனவே பதிவு செய்யும்போதே, கூடுதல் கட்டணத்துக்குரிய இடங்கள் எவை, சேராதவர்கள் எங்கே காத்திருக்கலாம் என்பதை எழுத்தில் கேட்டு வாங்கிவிடுங்கள். பேருந்துக்குள் ரொக்கம் கொடுக்க வேண்டாம் என்று பெற்றோரிடம் சொல்லி அனுப்புங்கள். கிரெடிட் கார்டில் கட்டிய தொகைக்கு, ஒப்புக்கொண்ட சேவை கிடைக்காதபோது, அந்தச் செலவு இடம்பெற்ற முதல் கணக்கறிக்கை அனுப்பப்பட்ட 60 நாட்களுக்குள் வங்கிக்கு எழுத்து மூலம் ஆட்சேபம் தெரிவிக்க அமெரிக்கச் சட்டம் இடம் தருகிறது. ரொக்கத்துக்கு அந்த வழி இல்லை. நியூ ஜெர்சி மாநில நுகர்வோர் விவகாரப் பிரிவில் படிவத்தின் பிரதியுடன் புகார் கொடுத்திருக்கிறேன். கார்டில் கட்டிய அடிப்படைக் கட்டணத்தில் கார்னிங்குக்குரிய பங்கைத் திரும்பக் கேட்டு வங்கிக்கும் எழுதியிருக்கிறேன். இரண்டும் இன்னும் நிலுவையில்தான் உள்ளன. இதே படிவத்தில் கையெழுத்திட்டவர்கள் வேறு யாரேனும் இருந்தால், அதைத் தூக்கி எறியாமல் வைத்திருந்து, தங்கள் பெயரில் தனியாகப் புகார் கொடுங்கள்.