பட்டாபியா, ‘மொழி’ பேராசிரியரா?

நடிகர் எம்.எஸ்.பாஸ்கர் என்றதும் சிலருக்குச் சன் டிவியின் ‘சின்ன பாப்பா பெரிய பாப்பா’ பட்டாபிதான் ஞாபகம் வரும். சிலருக்கு ‘மொழி’ படத்தின் பேராசிரியர். அவர் நடிப்பில் உயர்ந்து நிற்பது சின்னத்திரையா, சினிமாவா?

சின்னத்திரையில் ஒரே கதாபாத்திரமாக வருஷக்கணக்கில் வர வேண்டும். அலுப்புத் தட்டினால் ரிமோட் பார்ப்பவர் கையில். பட்டாபி அலுக்கவே இல்லை. பெயரைச் சொன்னாலே இன்றும் சிரிப்பு வருகிறது, அவ்வளவு நெருக்கம்.

சினிமாவில் கிடைப்பதோ சில நிமிடங்கள். ராதாமோகனின் ‘மொழி’யில் (2007), மகன் இறந்த அதிர்ச்சியில் 1984-லேயே நின்றுபோன மனிதர் அவர். மகன் இல்லை என்ற உண்மை உறைத்து அவர் உடைந்து அழும் காட்சியில், பட்டாபியின் சாயல் துளிகூட இல்லை. அதே முகம்தானா என்று அசந்துபோனேன். அவர் டப்பிங் கலைஞரும்கூட. குரலை எங்கே உடைக்க வேண்டும் என்று தெரிந்த நடிப்பு அது.

புகழைத் தேடித் தந்ததில் சின்னத்திரைக்குப் பெரிய பங்கு உண்டு. ஆனால் ஆழம் என்று பார்த்தால், என் ஓட்டு சினிமாவுக்கே. ‘பார்க்கிங்’ படத்தில் வீம்பு பிடித்த அரசு ஊழியராக வந்ததற்குத்தான், சிறந்த துணை நடிகர் தேசிய விருது 2025-ல் அவருக்கு அறிவிக்கப்பட்டது. ‘மொழி’க்கே கொடுத்திருக்கலாம்.