பெங்களூர் அல்சூரில் சாட்சி அட்டவணை போட்டுத் தரும் மையம்: கொலை மேல்முறையீட்டுக்கு உதவுமா?

கன்னட சாட்சியங்களைத் தமிழாக்கி, ஒவ்வொரு எதிரிக்கும் (குற்றம் சாட்டப்பட்டவருக்கும்) தனி வரிசை போட்டுத் தருகிறார்கள்: எந்தச் சாட்சி பார்த்தார், கையில் என்ன ஆயுதம், எந்தக் காயம், பிரேதப் பரிசோதனையோடு ஒத்துப்போகிறதா. அருமையான வேலை. கும்பல் வழக்கில் இதுதான் உயிர்நாடி. ஒருவரைத் தண்டிக்க, முரணின்றிச் சொல்லும் இரண்டு மூன்று சாட்சிகளாவது வேண்டும் என்ற அளவுகோலை உச்ச நீதிமன்றம் 1964-லேயே மசால்ட்டி வழக்கில் ஏற்றது. சாட்சிகள் போலீசிடம் சொல்லாமல் கோர்ட்டில் புதிதாகச் சேர்த்தவை அட்டவணையில் சிவப்பில் இருக்கின்றன.

‘சம்பவ நேரத்தில் வேறிடத்தில் இருந்தேன்’ என்று எதிரி சொல்லும் பகுதிதான் சொதப்பல். ஆஸ்பத்திரிச் சீட்டை ஒட்டினால் போதாது. வந்த நேரம், கிளம்பிய நேரம், சம்பவ இடத்துக்கு எத்தனை நிமிடம் என்பதெல்லாம் வேண்டும். அங்கே இருந்திருக்கவே முடியாது என்று காட்டும் பொறுப்பு எதிரியுடையது. அது தோற்றாலும் அரசுத் தரப்பின் சுமை குறையாது. இந்தப் பகுதியை வக்கீலே எழுதட்டும்.