தடுப்புக் காவலில் இருப்பவருக்கு இலவச சட்ட உதவி: எங்கள் அனுபவத்தில் ஒரு மதிப்பீடு

என் தம்பி மகன் மீது குண்டர் தடுப்புச் சட்டம் பாய்ந்தபோது நாங்கள் நாடியது மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவின் இலவச சட்ட உதவியை. காவலில் இருப்பவருக்கு வருமானம் பாராமல் வழக்கறிஞரை அமர்த்தித் தர 1987ஆம் ஆண்டு சட்டப்பணிகள் ஆணைக்குழுக்கள் சட்டத்தின் 12ஆம் பிரிவு வழிசெய்வதால், வருமானச் சான்றுக்காக எங்களை யாரும் அலைக்கழிக்கவில்லை.

இலவசம் என்பதற்காக ஏனோதானோ என்று வேலை நடக்கவில்லை. 5 நாள்களுக்குள் காவலுக்கான காரணங்கள் தரப்பட்டனவா, 12 நாள்களுக்குள் அரசு ஒப்புதல் அளித்ததா, 3 வாரங்களுக்குள் அறிவுரைக் கழகத்துக்கு (காவலுக்குப் போதிய காரணம் உண்டா என்று ஆராயும் குழுவுக்கு) அனுப்பப்பட்டதா என்று வழக்கறிஞர் முதலில் தேதிகளைச் சரிபார்த்தார். பிறகு, காவல் ஆணைக்கு ஆதாரமாகப் பையனிடம் தரப்பட்ட ஆவணத் தொகுப்பைப் பக்கம் பக்கமாகப் புரட்டி, படிக்க இயலாதபடி கறுத்துப்போன நகல்களின் பக்க எண்களைப் பென்சிலால் குறித்துக்கொண்டார். பையன் பிணையில் வெளியே வந்துவிடக்கூடும் என்பதற்கு ஆதாரமாக ஆணையில் காட்டப்பட்டிருந்த வேறொரு வழக்கின் பிணை உத்தரவு ஆங்கிலத்தில் மட்டுமே இருந்தது. அவனுக்கோ தமிழ் மட்டும்தான் படிக்கத் தெரியும். காரணங்களைத் தெரிவித்து, முறையீடு செய்ய விரைவில் வாய்ப்பளிக்க வேண்டும் என்று அரசியலமைப்பின் 22(5) கூறுவதையும், புரியாத மொழியில் தாள்களைக் கொடுப்பது தெரிவித்ததாகாது என்று 1962இல் ஹரிகிசன் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருப்பதையும் அவர் எங்களுக்குப் பொறுமையாக விளக்கினார்.

அறிவுரைக் கழகத்தின் முன் வழக்கறிஞரை வைத்து வாதாட உரிமை கிடையாது. ஓராண்டு வரை ஒருவரை அடைத்துவைக்க வழிவிடும் சட்டத்தில் இது பெரிய அநீதி என்றே நான் கருதுகிறேன். ஆனால் ஏ.கே. ராய் வழக்கில் உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்புப்படி வழக்கறிஞரல்லாத நண்பர் ஒருவரின் துணையைக் கோரலாம் என்பதை எங்கள் வழக்கறிஞர் சொல்லித்தான் அறிந்தோம். என்ன பேச வேண்டும் என்பதையும் அவரே எழுதிக் கொடுத்தார்.

குறை என்றால் தாமதம்தான். காவலை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் போடும் ஆட்கொணர்வு மனுவுக்கான கோப்பு மாவட்ட அலுவலகத்தை விட்டுக் கிளம்பவே வாரக்கணக்கில் ஆனது. காவலில் கழியும் ஒவ்வொரு நாளும் திரும்ப வராது என்பதால் இதை என்னால் சிறு குறையாக எடுத்துக்கொள்ள முடியவில்லை. இறுதியில், மொழிபெயர்ப்பு தராததைச் சுட்டிக்காட்டியே உயர் நீதிமன்றம் ஆணையை ரத்து செய்தது. அவன் மீதான மூல குற்ற வழக்கு இன்னும் நடக்கிறது, அதற்கும் இதே வழக்கறிஞரே ஆஜராகிறார்.

இச்சேவையை நாடுவோர் ஆவணத் தொகுப்பு கைக்கு வந்த அன்றே 15100 என்ற சட்ட உதவி எண்ணை அழைத்துவிடுங்கள். சிறைக் கண்காணிப்பாளர் வழியாக அனுப்பும் முறையீட்டுக்குத் தேதியிட்ட ஒப்புகையைக் கேட்டு வாங்குங்கள். அதைப் பரிசீலிப்பதில் அரசு காட்டும் விளக்கமற்ற தாமதமே ஆணை ரத்தாகப் போதுமான காரணமாகலாம்.