சூடு பட்ட உதட்டுக்கு வெள்ளை ஜெல்லி: 5க்கு 4.5

முதலிலேயே தீர்ப்பைச் சொல்லிவிடுகிறேன், உதட்டைப் பிடித்துக்கொண்டு படிப்பவர்கள் இத்தோடு எழுந்து குழாயடிக்குப் போகலாம். முதலில் தண்ணீர், 20 நிமிடம். சூடு முழுக்க இறங்கிய பிறகு மணமும் நிறமும் இல்லாத வெள்ளை பெட்ரோலியம் ஜெல்லி. மெடிக்கல் ஷாப்பில் ‘ஒயிட் பெட்ரோலியம் ஜெல்லி ஐ.பி.’ என்று கேட்டால் கொடுப்பார்கள், ஒரு வேளை டிபன் செலவைத் தாண்டாது. இதற்கு 5க்கு 4.5 கொடுக்கிறேன். வீட்டு மருந்துப் பெட்டியில் கிடந்த மற்றவற்றில் பலதுக்கு 1 கொடுக்கவே யோசிக்க வேண்டியிருக்கிறது, ஏன் என்று கீழே சொல்கிறேன்.

எனக்குச் சுட்டது எவர்சில்வர் டம்ளர். பீங்கான் கோப்பையில் குடிக்கிறவர்களுக்கு இந்தத் தொல்லை குறைவு. டம்ளரின் மெல்லிய தகடு உள்ளே இருக்கிற சூட்டை விளிம்பு வரைக்கும் கொண்டுவந்துவிடும், மேலே நுரை நின்றால் ஆவியும் கண்ணுக்குத் தெரியாது. டபரா என்ற ஒன்றை நம் ஆட்கள் அழகுக்காகச் செய்து வைக்கவில்லை. காபி மட்டுமில்லை, உதட்டைப் பதம் பார்க்கிறவை இன்னும் நிறைய இருக்கின்றன: பூரணக் கொழுக்கட்டை, அடுப்பிலிருந்து நேராக வாய்க்குப் போகிற பணியாரம், ஆவி பிடிக்கிற கருவி, பார்லரில் மேலுதட்டுக்குப் போடுகிற மெழுகு. இதில் வெல்லம் சேர்ந்தவைதான் ரொம்ப மோசம். காபி வழிந்து போய்விடும், பாகு அப்படியே ஒட்டிக்கொண்டு சுட்டுக்கொண்டே இருக்கும். அதைப் பிய்த்து எடுக்கப் பார்க்காதீர்கள், தோலும் சேர்ந்து வரும். தண்ணீரை விட்டுக்கொண்டே இருந்தால் கரைந்துவிடும்.

தண்ணீர் விஷயத்தைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் ஜெல்லிக்கு நான் கொடுத்த மார்க்கில் பாதி உண்மையில் தண்ணீருக்குச் சேர வேண்டியது. தீக்காயத்துக்கு 20 நிமிடம் ஓடும் குளிர்ந்த நீர் என்பதுதான் இன்றைய முதலுதவிப் பாடம். சுட்ட உடனே செய்வது நல்லது, ஆனால் 3 மணி நேரத்துக்குள் செய்தாலும் பலன் உண்டு. கையோ காலோ என்றால் குழாயடியில் நீட்டிவிடலாம், உதட்டை எப்படி நீட்டுவது? வாஷ்பேசினில் குனிந்து மெல்லிய தாரையில் காட்டலாம், கழுத்து வலிக்க ஆரம்பித்தால் சுத்தமான பருத்தித் துணியை நனைத்து உதட்டில் வைத்து, துணி வெதுவெதுப்பானதும் மறுபடி நனைத்து வைக்கலாம். அந்த ‘மறுபடி’யில்தான் எல்லாம் இருக்கிறது. ஒரே ஈரத்துணியை அப்படியே வைத்துக்கொண்டு உட்கார்ந்தால் உதட்டுச் சூடு துணிக்கு ஏறுவதோடு சரி. நடுநடுவே குளிர்ந்த தண்ணீரை ஒரு வாய் வைத்துக் கொப்பளித்தால் உள்பக்கமும் ஆறும். இன்னொன்று, நம் ஊர் வெயில் காலத்தில் மத்தியானம் மாடித் தொட்டியிலிருந்து வருவது தண்ணீரே இல்லை, பாதி வெந்நீர். பானைத் தண்ணீரோ கேன் தண்ணீரோ எடுத்துக்கொள்ளுங்கள்.

ஐஸ் வேண்டாம். ஐஸ் கட்டி ஈரமான உதட்டில் ஒட்டிக்கொள்ளும், ரத்தக் குழாய்களைச் சுருக்கிவிடும், ஏற்கனவே அடிபட்ட தோல் குளிராலும் கெடும்.

நான் வாஷ்பேசினில் குனிந்திருந்தபோதே சித்தியிடமிருந்து போன். வீட்டில் யாரோ அதற்குள் செய்தியைப் பரப்பிவிட்டார்கள்.

“பேஸ்ட் தடவுடி. சில்லுன்னு இருக்கும், எரிச்சல் உடனே நின்னுடும்.”

“சில்லுன்னு இருக்கிறது வேற, சூடு ஆறுறது வேற சித்தி.”

“உனக்கு எல்லாம் தெரியும்” என்று வைத்துவிட்டார்.

ஆனால் விஷயம் அதுதான். பேஸ்டில் இருக்கும் மெந்தால், தோலில் குளிரை உணரும் நரம்பைத் தூண்டிவிடும், அவ்வளவுதான், தோலின் சூட்டை ஒரு டிகிரிகூடக் குறைக்காது. மூளைக்குக் குளிர் என்று தகவல் போகும், உதடு வெந்துகொண்டேதான் இருக்கும். போதாக்குறைக்குப் பேஸ்டில் நுரைக்காகப் போடுகிற சோப்புச் சரக்கு புண்ணில் பட்டு எரியும். கூலிங், ஃப்ரெஷ், ஐஸ் என்றெல்லாம் பெயர் வைத்து விற்கிற லிப் பாம்களுக்கும் இதே கதைதான். அப்படி ஒன்று என் கைப்பையில் இருந்தது, பெயர் வேண்டாம், மெந்தாலும் கற்பூரமும் போட்டது. மறுநாள் வெளியில் இருந்தபோது உதடு வறண்டு இழுத்ததால் அதைத் தடவினேன், கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. அதற்கு 0. மெந்தால், கற்பூரம், பெப்பர்மின்ட், லவங்கப்பட்டை, சாலிசிலிக் ஆசிட் இதில் எது அட்டையில் இருந்தாலும், புண் ஆறும் வரை அந்தப் பாம் உதட்டுக்கு ஆகாது.

சரி, ஜெல்லிக்கு வருவோம். உதட்டின் சிவந்த பகுதிக்கு மற்ற இடத்துத் தோல் மாதிரி தடிமன் கிடையாது, மேலே இருக்கும் காய்ந்த அடுக்கு ரொம்ப மெல்லிசு, வியர்வைச் சுரப்பியும் இல்லை, எண்ணெய் சுரப்பதும் இல்லை என்றே சொல்லலாம். அதனால் சுட்ட இடம் சீக்கிரம் காய்ந்து பக்கு கட்டும், சிரித்தால் வெடிக்கும், கொட்டாவி விட்டால் வெடிக்கும், மறுபடி முதலிலிருந்து ஆற வேண்டும். ஜெல்லி மருந்து இல்லை, அது எதையும் குணப்படுத்தாது. மேலே ஒரு படலமாக உட்கார்ந்து ஈரம் போகாமல் பார்த்துக்கொள்ளும், கீழே தோல் தன் வேலையைத் தானே செய்துகொள்ளும். உதட்டுக்கு ரத்த ஓட்டம் அதிகம் என்பதால் வெறுமே சிவந்துபோன அளவுக்குச் சுட்டது ஒரு வாரத்துக்குள் சரியாகிவிடும். கொப்புளம் வந்ததென்றால் 2 வாரம், சில சமயம் 3 வாரம்கூட ஆகும். கொப்புளத்தைக் குத்தக் கூடாது, அதன் தோல்தான் புண்ணுக்கு மூடி.

தடவுவது இப்படி: கையைக் கழுவிவிட்டு, புது இயர்பட் முனையில் பச்சைப் பயறு அளவு எடுத்து, தேய்க்காமல் ஒற்றி ஒற்றி வைக்க வேண்டும். சாப்பிட்ட பிறகு ஒரு முறை, தூங்கப் போகும் முன் கொஞ்சம் தாராளமாக, நடுவில் எப்போது இழுக்கிறதோ அப்போது. எனக்குக் கொப்புளம் கீழுதட்டின் ஓரத்தில் கடுகு அளவில் இருந்தது, ஜெல்லி இருக்கும் வரை அது இருப்பதே தெரியவில்லை, காய்ந்த அடுத்த நிமிடம் சுருக்கென்று ஞாபகப்படுத்தும். ருசி இல்லை, எரிச்சல் இல்லை. உதட்டில் தடவுகிற எதுவும் கொஞ்சமாவது வயிற்றுக்குள் போகும், இது போனால் கெடுதல் இல்லை. உதட்டு மருந்து என்று வரும்போது இதுதான் எனக்குப் பெரிய தகுதியாகப் படுகிறது.

இதைச் சந்தைக்குக் கொண்டுவந்த ராபர்ட் செஸ்பரோ ஒரு வேடிக்கையான ஆள். அமெரிக்காவில் பென்சில்வேனியாவின் எண்ணெய்க் கிணறுகளில் குழாய்த் தண்டுகளில் படியும் மெழுகைத் தொழிலாளர்கள் வெட்டுக்கும் சூட்டுக்கும் பூசிக்கொள்வதைப் பார்த்து, அதைச் சுத்தம் செய்து, 1872இல் வாசலின் என்று காப்புரிமை வாங்கினார். விற்பதற்காகத் தன் தோலையே சுட்டுக்கொண்டு அதன்மேல் பூசிக் காட்டினார் என்று சொல்வார்கள். தினமும் ஒரு ஸ்பூன் சாப்பிடுவதாகவும் சொல்லிக்கொண்டார், 96 வயது வரை இருந்தார். அந்த ஸ்பூனை யாரும் பின்பற்ற வேண்டாம்.

அரை மார்க் ஏன் குறைத்தேன்? நம் ஊர் வெயிலுக்கு டப்பாவுக்குள்ளேயே இளகி, தடவினால் தாடை வரைக்கும் வழிகிறது. டூவீலரில் போனால் ரோட்டுப் புழுதி மொத்தமும் உதட்டில். டம்ளர் விளிம்பில் ஒட்டிக்கொண்டு பாத்திரம் கழுவுகிறவரிடம் திட்டு வாங்கித் தரும். அப்புறம் முக்கியமான ஒன்று, சூடு இறங்குவதற்கு முன்னால் தடவினால் உள்ளே இருக்கிற சூட்டை வெளியே விடாது, இதை எந்த டப்பாவிலும் பெரிய எழுத்தில் போடுவதில்லை. நெய், வெண்ணெய், தேங்காய் எண்ணெய் எல்லாவற்றுக்கும் இதே குறை உண்டு. ரோஜா நிறத்தில், சாக்லேட் மணத்தில் வருகிற குட்டி டின்கள் இதில் சேராது. புண் ஆறும் வரை வெள்ளையாக, மணமில்லாமல், சேர்மானப் பட்டியலில் ஒரே ஒரு பெயர் இருக்கிற சரக்கு போதும்.

மற்றவற்றை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். பர்னால்: சூடு என்றாலே இந்த மஞ்சள் டியூப்தான் ஞாபகம் வரும், சமூக ஊடகத்தில் வயிற்றெரிச்சல்காரர்களுக்குச் சிபாரிசு செய்கிற அளவுக்குப் பேர் வாங்கியது. அதில் இருப்பது அமினாக்ரின், செட்ரிமைடு என்ற கிருமிநாசினிகள், வெளிப்பூச்சுக்கு மட்டும். கைக்கு வேண்டுமானால் பார்க்கலாம், நாக்கு போய்க்கொண்டே இருக்கிற இடத்துக்கு இல்லை. சில்வர் சல்பாடயாசின் என்ற வெள்ளைக் களிம்பைக் கடைக்காரர்கள் கேட்காமலே எடுத்து நீட்டுவார்கள், என்னிடமும் ஒருவர் நீட்டினார். அது சல்பா மருந்து, சிலருக்கு ஒவ்வாது, வாய்க்குள் போகவும் கூடாது, சின்னக் காயங்களுக்கு மருத்துவர்களிடமே அதற்குப் பழைய மவுசு இல்லை. டாக்டர் எழுதாமல் உதட்டில் போடாதீர்கள். வாய்ப்புண் ஜெல்கள், மரத்துப்போக வைக்கிற ரகங்கள், வலியை மறைக்கும்தான், ஆனால் மரத்த உதட்டோடு அடுத்த காபியைக் குடித்தால் சுடுவதே தெரியாது, கடித்துக்கொண்டாலும் தெரியாது. பென்சோகெய்ன் உள்ளவற்றை 2 வயதுக்குட்பட்ட குழந்தைகளுக்குப் போடவே கூடாது, கோலின் சாலிசிலேட் உள்ளவையும் பிள்ளைகளுக்கு வேண்டாம். வலி தாங்கவில்லை என்றால், பெரியவர்களுக்கு ஒத்துக்கொள்ளும் பட்சத்தில், பாரசிட்டமால் 500 மி.கி. போதும். சோற்றுக்கற்றாழையைத் தொட்டியிலிருந்து வெட்டி வைப்பதென்றால், வெட்டிய இடத்தில் வடிகிற மஞ்சள் பாலை முழுக்கக் கழுவ வேண்டும், கசப்பும் எரிச்சலும் அதில்தான். கடைத் தேன் கிருமி நீக்கியது இல்லை, ஒரு வயது ஆகாத குழந்தையின் வாயருகே கொண்டுபோகவே கூடாது. இங்க், மஞ்சள்தூள், நீல மருந்து இவற்றால் ஒரு பிரயோஜனம் உண்டு, டாக்டருக்குப் புண் தெரியாமல் போகும்.

சாப்பாடு. ஆறின தயிர் சாதம், ஊறுகாய் கிடையாது, அதுதான் கொடுமை. வாழைப்பழம், ஆறின இட்லி சட்னி இல்லாமல், இளநீர். ரசமும் எலுமிச்சையும் கொஞ்ச நாளைக்கு எதிரிகள். உப்புப் போட்ட மோர்கூட முதல் நாள் எரியும். உதட்டை நாக்கால் நனைத்துக்கொண்டே இருக்கிற பழக்கம் உள்ளவர்கள் ஜெல்லியை அடிக்கடி போட்டுக்கொண்டால் அது தானாகக் குறையும். புதுத் தோல் வந்த பிறகு வெயிலில் போவதென்றால் எஸ்பிஎஃப் 30 உள்ள மணமில்லாத பாம் நல்லது, புதுத் தோல் சீக்கிரம் கறுத்துப்போகும்.

வெற்றிலைக்காரர்களுக்கு ஒரு வார்த்தை. சுண்ணாம்பு கூடிப்போய் வாய் வெந்தால் அது சுண்ணாம்பின் காரத்தன்மையால் (ஆல்கலி) வந்த புண், டம்ளர் சூடு மாதிரி இல்லை. புளிப்பு ஊற்றி முறிக்கிறேன் என்று எலுமிச்சம் பழத்தைத் தேடாமல், துப்பிவிட்டு நிறையத் தண்ணீரால் கொப்பளித்துக்கொண்டே இருக்க வேண்டும்.

ஜெல்லியை மூடி வைத்துவிட்டு ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டிய நிலைமைகளும் இருக்கின்றன. சுட்ட இடம் வெளுத்தோ கருகியோ வலியே இல்லாமல் இருந்தால், உதடு மளமளவென்று வீங்கினால், தொண்டையும் வெந்து குரல் மாறினால், விழுங்க முடியாமல் எச்சில் வடிந்தால், மூச்சு இழுத்தால், யோசிக்காமல் 108. சென்னையில் இருப்பவர்களுக்குக் கீழ்ப்பாக்கம் அரசு மருத்துவமனையின் தீக்காயப் பிரிவு தெரிந்திருக்கும். சீழ், காய்ச்சல், நாளாக நாளாகக் கூடுகிற வலி, 2 வாரம் ஆகியும் ஆறாத புண் இவையும் டாக்டர் பார்க்க வேண்டியவை. சுடாமலே, முதலில் குறுகுறுத்து, பிறகு கொத்தாகக் குட்டிக் கொப்புளங்கள் வந்தால் அது சூட்டுப் புண்ணாக இல்லாமல் ஹெர்பீஸ் கொப்புளமாக இருக்கலாம். அதற்கு வைத்தியம் வேறு.

தவழ்கிற குழந்தை உள்ள வீடுகளுக்கு இதைத் தனியாகச் சொல்ல வேண்டும். மின்சார ஒயரைக் கடித்து உதட்டோரம் சுட்டுக்கொண்ட குழந்தைக்கு முதலில் பார்க்கச் சின்ன வெளுத்த புள்ளியாகத்தான் இருக்கும், அழுகையும் நின்றுவிடும். முதலில் மெயினை அணைத்துவிட்டுத்தான் குழந்தையைத் தொட வேண்டும். அன்றைக்கே ஆஸ்பத்திரியில் காட்டியாக வேண்டும். அது மட்டுமில்லை, ஒரு வாரம், 2 வாரம் கழித்துப் பக்கு விழும்போது உள்ளே இருக்கும் உதட்டு ரத்தக் குழாய் திறந்துகொண்டு ரத்தம் கொட்டலாம். அப்படி நடந்தால் உதட்டின் ஓரத்தைக் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலுமாக உள்ளேயும் வெளியேயும் சேர்த்து இறுக்கிப் பிடித்துக்கொண்டே ஆஸ்பத்திரிக்கு ஓட வேண்டும், பிடியைத் தளர்த்திப் பார்க்கக் கூடாது.

வாங்குபவர்களுக்கு: டப்பாவைவிட டியூப் மேல், வீட்டில் ஆளாளுக்கு விரலை விட மாட்டார்கள். வெயில் காலத்தில் ஃப்ரிட்ஜ் கதவில் வைத்துக்கொண்டால் வழிகிற தொல்லையும் இல்லை.