காரைக்குடியில் டென்னிஸ் மட்டைக்குக் கட்டிங்

கட்டிங் என்றதும் சலூனையோ டாஸ்மாக்கையோ நினைக்க வேண்டாம். மட்டைக்கு நரம்பு மாட்டுவதற்குக் கடையில் அதுதான் பேச்சு.

என் மட்டை 1998-இல் அப்பச்சி வாங்கித் தந்தது. அந்த வருஷம்தான் கோயம்புத்தூர்ப் பெண் நிருபமா வைத்தியநாதன் ஆஸ்திரேலிய ஓபனில் இத்தாலியின் குளோரியா பிட்ஸிகினியை ஜெயித்தார். 1968-இல் தொழில்முறை ஆட்டக்காரர்களுக்கும் கதவு திறந்த பிறகு, கிராண்ட் ஸ்லாம் ஒற்றையர் பிரதானச் சுற்றில் ஓர் ஆட்டம் ஜெயித்த முதல் இந்தியப் பெண். பேப்பரைக் காட்டிக் காட்டியே அடம்பிடித்தேன். கல்யாணத்தோடு மட்டை பரண் ஏறிவிட்டது. அவரோ 2000 சிட்னி ஒலிம்பிக்கில் மனீஷா மல்ஹோத்ராவோடு இரட்டையர் ஆடினார், அமெரிக்காவில் குடியேறினார், 2010-இல் டெல்லி காமன்வெல்த் போட்டிக்கு மறுபடி வந்து இறங்கினார், 33 வயதில். எனக்கு இறங்க இன்னும் பதினைந்து வருஷம் பிடித்தது.

கடை பஸ் ஸ்டாண்டிலிருந்து நடக்கிற தூரம். பெயர் வேண்டாம், தம்பி நல்ல பிள்ளை. ஓரத்துப் பிளாஸ்டிக் பொடிந்து இரண்டு துளை மொட்டையாக இருந்தன. நரம்பு அறுந்துவிடும் என்று சொல்லி, சின்னக் குழாயை நறுக்கி உள்ளே செருகினான். நான் கேட்காமலே செய்த வேலை. குறுக்கு நரம்பை மேலே கீழே, மேலே கீழே என்று கோக்கும் விரல் வேகத்தைப் பார்த்துக்கொண்டே நின்றால் பூக்கட்டுகிற ஞாபகம்தான் வரும்.

கோளாறு இழுவையில், அதாவது நரம்பை எவ்வளவு இறுக்கிக் கட்டுவது என்பதில். நான் சொன்னது 52 பவுண்டு. அவன் மெஷின் இறகுப்பந்து மட்டைக்கானது. அதற்கு முப்பதுக்குள்தான் வேலை.

“டைட்டாத்தான் போட்டிருக்கேன் ஆச்சி” என்று நகத்தால் சுண்டிக் காட்டினான். டிங் என்று வர வேண்டியது தொம் என்றது. நானும் தலையாட்டிவிட்டு வந்தேன்.

மறுநாள் சிமென்ட் கோர்ட்டில் அடித்த முதல் பந்து வேலி தாண்டிப் போனது. தளர்ந்த நரம்பு கவண் மாதிரி பந்தை எக்கிவிடும். நிருபமா பந்தை உயரத் தூக்கிக் கோட்டுக்குள் விழவைத்து எதிராளியை அலுக்கவைப்பார், மூன்பால் என்பார்கள். என்னுடையது தூக்குவதோடு சரி.

திரும்பக் கொண்டுபோனேன். முகம் சுருங்கி, கூலியைத் திருப்பிக் கொடுத்துவிட்டான். நரம்புக்காசு 350 மட்டும் எடுத்துக்கொண்டான். மட்டை இப்போது மதுரைக்குப் போயிருக்கிறது. மகளின் இறகுப்பந்து மட்டையை அவனிடமே கொடுத்தேன், அது டிங் என்றே வந்தது. சாயங்காலம் கூட்டம், காலையில் போங்கள்.