அடை உட்காருமா, உட்காராதா? ஒன்பது வருட வாத்து அனுபவம்

வாத்து வளர்க்கத் தொடங்கி ஒன்பது வருடம் ஆகிறது. இதற்குள் என் குட்டையில் நான்கு இனங்கள் குடியிருந்துவிட்டன: காக்கி கேம்பெல், வெள்ளை பெக்கின், இந்தியன் ரன்னர், மஸ்கோவி. எந்த இனம் நல்லது என்று கேட்பவர்களிடம் ஆரம்பத்தில் நானும் முட்டைக் கணக்கைத்தான் ஒப்பிப்பேன். இப்போதெல்லாம் திருப்பி ஒரு கேள்விதான் கேட்கிறேன்: உங்களுக்கு முட்டை போதுமா, குஞ்சும் வேண்டுமா? இரண்டையும் ஒரே வாத்திடம் எதிர்பார்த்துத்தான் நான் முதல் மூன்று வருடத்தை வீணாக்கினேன்.

முட்டை என்றால் காக்கி கேம்பெல்தான், அதில் பேச்சே இல்லை. 1900-ஐ ஒட்டிய வருடங்களில் இங்கிலாந்தின் குளோஸ்டர்ஷயரில் அடீல் கேம்பெல் என்ற பெண்மணி ரன்னர், ரூவன் என்ற வளர்ப்பு வாத்து, மல்லார்டு என்ற காட்டு வாத்து மூன்றையும் கலந்து உருவாக்கிய இனம் இது. நல்ல தீவனம் கொடுத்தால் வருடத்துக்கு 300 முட்டை வரை இடும் என்பார்கள். என் பெட்டைகளில் தேறியவை 250-ஐத் தாண்டின. எனக்கு அதுவே அதிகம். ஐந்தரை மாதத்தில் முட்டையிடத் தொடங்கிவிட்டன. ஆனால் கூட்டில் இட வேண்டும் என்ற எண்ணமே அவற்றுக்குக் கிடையாது. நின்ற இடத்தில் போட்டுவிட்டுப் போய்க்கொண்டே இருக்கும். வாத்து பெரும்பாலும் விடியற்காலையில் முட்டையிடும். அவசரப்பட்டு ஏழு மணிக்கே பட்டியைத் திறந்துவிட்டால் பாக்கி முட்டையெல்லாம் குட்டைக்குள்தான். முழங்கால் சேற்றில் இறங்கி, உள்ளங்காலால் துழாவித் துழாவி எத்தனையோ நாள் எடுத்திருக்கிறேன். வழுவழுவென்று ஏதோ தட்டுப்படும். பாதி நேரம் அது கூழாங்கல்லாக இருக்கும்.

காக்கி அடை உட்கார்ந்து நான் ஒருமுறைகூடப் பார்த்ததில்லை. அடையில் உட்கார்ந்த பறவை முட்டையிடுவதை நிறுத்திவிடும். அதனால் முட்டைக்காகவே தலைமுறை தலைமுறையாகத் தேர்ந்தெடுத்தபோது அடைக்குணம் தானாகக் கழிந்துபோயிருக்கிறது. இது குறையில்லை, கொடுத்து வாங்கிய பண்டம். தெரிந்துகொண்டு வாங்கினால் ஏமாற்றம் இருக்காது.

பெக்கின் தங்கமான குணம். சீனாவிலிருந்து 1873-இல் அமெரிக்காவுக்குப் போய்ச் சேர்ந்தது. இறைச்சிக்காக வளர்ப்பவர்களின் முதல் தேர்வு இன்றைக்கும் இதுதான். ஏழே வாரத்தில் மூன்று கிலோவைத் தொட்டுவிடும். சிக்கலும் அங்கேதான். உடம்பு வளரும் வேகத்துக்குக் கால் ஈடுகொடுக்காது. முதல் முறை வளர்த்தபோது வெறும் கோழிக்குஞ்சுத் தீவனத்தை மட்டும் போட்டேன். மூன்றாவது வாரம் இரண்டு குஞ்சுகள் எழுந்து நிற்க முடியாமல் குதிகாலை ஊன்றித் தவழ ஆரம்பித்தன. வாத்துக்குஞ்சுக்கு நியாசின் என்கிற வைட்டமின் பி3 கோழிக்குஞ்சைவிட அதிகம் தேவை என்பது அதற்குப் பிறகுதான் தெரிந்தது. நியாசின் உள்ள ப்ரூவர்ஸ் ஈஸ்ட் என்ற நொதிப்பூஞ்சைத் தூளைக் கலந்து கொடுத்ததில் ஒன்று தேறியது. இன்னொன்றுக்கு நான் தாமதித்துவிட்டேன்.

ரன்னரைப் பற்றி அதிகம் சொல்ல இல்லை. பாட்டிலை நிமிர்த்தி வைத்த மாதிரி நிற்கும், அசைந்து நடக்காது, ஓடும். நத்தையைத் தேடித் தின்பதில் அதை மிஞ்ச ஆளில்லை. முட்டையும் நன்றாகவே இடும், அடைதான் கிடையாது. ஆள் நிழல் பட்டாலே மொத்தக் கூட்டமும் ஒரு மூலையில் போய் முட்டிக்கொள்ளும். எனக்கு அந்தப் பதற்றம் ஒத்துவரவில்லை. பெயரில் இந்தியா இருந்தாலும் இதன் பூர்வீகம் இந்தோனேசியத் தீவுகள். மஸ்கோவிக்கும் மாஸ்கோவுக்கும்கூடச் சம்பந்தமில்லை. வாத்துக்குப் பெயர் வைத்தவர்கள் வரைபடத்தைப் பார்க்கவில்லை போலும்.

அந்த மஸ்கோவிதான், மணிலா வாத்து என்று பலர் சொல்வார்களே அதுதான், என்னிடம் நிலைத்துவிட்டது. மற்ற வளர்ப்பு வாத்துகள் எல்லாமே மல்லார்டின் வழிவந்தவை. இது மட்டும் தனி வம்சம். கொலம்பஸ் போய் இறங்குவதற்கு முன்பே தென் அமெரிக்கப் பூர்வகுடிகள் பழக்கி வைத்திருந்தது. முகத்தில் சிவப்புச் சதைமுடிச்சு, காலில் கூரான நகம், கிளையில் ஏறி உட்காரும் பழக்கம். கத்தாது; ஆண் சீறும், பெட்டை மெல்லக் குழறும். அக்கம்பக்கத்தில் வீடுகள் இருந்தால் இந்த ஒரு காரணத்துக்காகவே இதை வாங்கலாம். பெட்டை நன்றாகப் பறக்கும், அதை மறந்தால் கூரைமேல்தான் தேட வேண்டும். ஆண் மஸ்கோவி பெக்கின் பெட்டையோடு சேர்ந்து என்னிடம் நான்கு கலப்புக் குஞ்சுகளும் பொரிந்தன. கிடுகிடுவென்று வளர்ந்தன, ஆனால் கோவேறு கழுதை மாதிரி மலடு.

மஸ்கோவியின் பெருமை அடையில்தான். பெட்டை தன் மார்புத் தூவியையே பிய்த்து மெத்தை போட்டு உட்காரும். ஒரு வருடம் அதன் பத்து முட்டைகளோடு ஐந்து காக்கி முட்டைகளையும் ஒரே நாளில் வைத்தேன், என்ன கெட்டிக்காரத்தனம் என்று எனக்கு நானே மெச்சிக்கொண்டு. காக்கி முட்டை பொரிய 28 நாள், மஸ்கோவிக்கு 35. இருபத்தெட்டாம் நாள் நான்கு குஞ்சுகள் வந்தன. மறுநாளே தாய் அவற்றைக் கூட்டிக்கொண்டு தண்ணீருக்குப் போய்விட்டது. சாயங்காலம் கூட்டில் கைவைத்துப் பார்த்தேன், தன் முட்டை பத்தும் சில்லிட்டுக் கிடந்தன. ஒன்றை உடைத்தேன். தூவி முளைத்த, முழுதாக உருவான குஞ்சு. மற்றதை உடைக்கவில்லை.

காட்டு வாத்துகளை நான் வளர்த்ததில்லை, வளர்க்கவும் கூடாது. பல நாடுகளில் பிடிப்பதே குற்றம். ஆனால் வலசைப் பருவத்தில் ஏரிக்கரையில் பைனாகுலரோடு உட்கார்ந்த பிறகுதான் என் பட்டியே எனக்குப் புரிந்தது. நாலு கிலோ பெக்கினைத் தூக்கிப் பழகிய கைக்கு, அரைக் கிலோகூட இல்லாத கிளுவை என்ற காட்டு வாத்து கண்டம் தாண்டி வந்திருக்கிறது என்பது நம்பச் சிரமமான விஷயம். தட்டைவாயன் என்ற வாத்தின் அலகோரத்தில் சீப்புப் பல் மாதிரி வரிசை. தண்ணீரை வடித்து இரையை நிறுத்திக்கொள்ளும். ஊசிவால் வாத்து நீரிலிருந்து நேரே எழும்பும், முக்குளிக்கும் இனங்கள் நீர்மேல் ஓடித்தான் எழும்பும். ஆண் மல்லார்டு இனப்பெருக்கம் முடிந்து இறகு உதிர்க்கும்போது பச்சைத் தலையை இழந்து பெட்டை மாதிரியே ஆகிவிடும். முதல் வருடம் அப்படி ஒரு கூட்டத்தைப் பார்த்துவிட்டு, எல்லாம் பெட்டை என்று எழுதி வைத்திருந்தேன். அலகு மஞ்சளா என்று பார்த்திருந்தால் போதும்.

வரிசையாகத் தூங்கும் மல்லார்டுகளில் ஓரத்தில் இருப்பவை ஒரு கண்ணைத் திறந்து வைத்தே தூங்கும் என்று 1999-இல் வந்த ஆய்வு ஒன்று சொல்கிறது. ஒருநாள் ராத்திரி டார்ச்சைத் தாழ்த்திப் பிடித்துக்கொண்டு பட்டிக்குள் போனேன். கதவோரம் கிடந்த காக்கி, உடம்பை அசைக்காமல் ஒற்றைக் கண்ணால் என்னையே பார்த்தது. அடையை மறந்தது, காவலை மறக்கவில்லை.

ஒன்று மட்டும் கேட்டுக்கொள்கிறேன். சலித்துப்போனால் வளர்ப்பு வாத்தை ஏரியில் விட்டுவிடாதீர்கள். மல்லார்டு வழிவந்தவை உறவுக்காரக் காட்டினங்களோடு எளிதில் கலந்துவிடும். ஹவாயின் கொலோவா வாத்துக்கும் நியூசிலாந்தின் சாம்பல் வாத்துக்கும் பெரிய ஆபத்தாக இருப்பது இந்தக் கலப்புதான்.

இப்போது என்னிடம் ஐந்து காக்கி, இரண்டு மஸ்கோவி. இந்த முறை மஸ்கோவி முட்டையை முதலில் வைத்து, சரியாக ஏழு நாள் கழித்துக் காக்கி முட்டையைச் சேர்த்தேன். இன்று முப்பத்தி மூன்றாம் நாள். காலையில் ஒரு முட்டையைக் காதில் வைத்துப் பார்த்தேன், உள்ளே டொக் டொக்கென்று சத்தம். அதற்குள் தாய் என் மணிக்கட்டைக் கவ்விவிட்டது, வைத்துவிட்டு வந்துவிட்டேன்.