ஜிசியில் விளையாட்டு ஏற்றித் தருவதாகச் சொல்பவரிடம் கருவியைக் கொடுக்கும் முன்

தொடக்கக் கல்லூரியில் பிள்ளை படிக்கும் சிங்கப்பூர்ப் பெற்றோரும், ஜிசி என்று சுருக்கமாக அழைக்கப்படும் வரைபடக் கணிப்பானைக் கையில் வைத்திருக்கும் மாணவர்களும் அறிந்துகொள்ள வேண்டும் என்பதற்காக இதை எழுதுகிறேன். இணையச் சந்தைத் தளம் ஒன்றில், 200-க்கும் மேற்பட்ட விளையாட்டுகளை ஏற்றித் தருவதாகவும், நினைவகத்தை அழித்தாலும் அவை போகமாட்டா என்றும், வாழ்நாள் முழுவதும் உத்தரவாதம் உண்டு என்றும் விளம்பரம் செய்திருந்த ஒருவரிடம் 45 சிங்கப்பூர் வெள்ளி கொடுத்தோம். விளம்பரத்தில் சொன்ன மூன்றில் ஒன்றுகூட உண்மையில்லை. பணம் போனது சிறிய விஷயம். அவர் கைபட்டதால் என் மகனின் கணிப்பானில் நேர்ந்த ஒரு மாற்றத்தை இனி யாராலும் பழையபடி ஆக்க முடியாது என்பதே எங்களுக்கு ஏற்பட்ட உண்மையான இழப்பு.

இந்தக் கருவி இல்லாமல் இங்கே ஏ நிலைத் தேர்வுக்கான எச்2 கணிதம் படிக்க முடியாது. இயற்கணிதக் கோவைகளைத் தானே சுருக்கிக் கொடுக்கும் வசதி இல்லாத, தேர்வுக் கழகத்தின் அங்கீகாரம் பெற்ற ஒரு ஜிசி மாணவரிடம் இருக்கும் என்று எதிர்பார்த்தே பாடத்திட்டம் அமைந்திருக்கிறது. என் மகனிடம் இருப்பது டெக்சஸ் இன்ஸ்ட்ருமென்ட்ஸ் நிறுவனம் 2015-இல் வெளியிட்ட டிஐ-84 பிளஸ் சிஇ. என் அக்காள் மகன் படிப்பை முடித்ததும் தம்பிக்குக் கொடுத்தது. 320-க்கு 240 புள்ளிகள் கொண்ட வண்ணத் திரை, 48 மெகாஹெர்ட்ஸ் வேகத்தில் இயங்கும் நுண்செயலி, பயனருக்கென ராம் எனப்படும் 154 கிலோபைட் தற்காலிக நினைவகம், அதற்கு மேல் ஆர்க்கைவ் எனப்படும் 3 மெகாபைட் நிலை நினைவகம் ஆகியவை அதில் உண்டு. கைப்பேசியோடு ஒப்பிட்டால் இது ஒன்றுமே இல்லைதான். ஆனால் கைப்பேசியை எடுத்து வைக்கச் சொல்லும் இடத்திலும் மேசை மேல் இருக்க அனுமதி பெற்ற ஒரே திரை அது என்பதால், அதில் விளையாட வேண்டும் என்று பதினேழு வயதுப் பையனுக்குத் தோன்றுவதில் வியப்பில்லை.

விளம்பரக்காரர் முதலில் கேட்டது ஒரு படம். செகண்ட் விசையையும், மெம் என்று மேலே எழுதியிருக்கும் கூட்டல் விசையையும் அழுத்தினால் வரும் பட்டியலில் முதலாவதாக இருக்கும் அபவுட் என்பதைத் திறந்து, அந்தத் திரையைப் படமெடுத்து அனுப்பச் சொன்னார். அப்படியே அனுப்பினோம். அதில் இயக்க மென்பொருளின் பதிப்பு 5.3 என்று தெளிவாகத் தெரிகிறது. பின்னால் எங்களுக்கு மிகவும் பயன்பட்டது அந்தப் படம்தான்.

ரயில் நிலையத்தை ஒட்டிய உணவங்காடியில் சந்தித்தோம். மடிக்கணினியில் மினி யூஎஸ்பி கம்பியைச் செருகி, அரை மணி நேரத்துக்கும் குறைவாக ஏதோ செய்தார். "எல்லாம் ரெடி, அங்கிள்" என்று சொல்லி, கட்டங்கள் அடுக்கும் விளையாட்டு ஒன்றை ஓட்டிக் காட்டினார். அது நன்றாகவே ஓடியது. பணத்தை பேநவ் என்ற வங்கிப் பரிமாற்ற வசதி வழியாக அனுப்பிவிட்டு வந்தோம்.

அன்று இரவே ஒரு விளையாட்டின் நடுவில் திரை உறைந்தது. கருவியின் பின்புறம் உள்ள சிறிய ரீசெட் பொத்தானை அழுத்தியபோது, 'ராம் கிளியர்ட்' என்ற வரி மட்டும் திரையில் நின்றது. ஏற்றிய விளையாட்டுகளில் பெரும்பாலானவை காணாமல் போயிருந்தன. மிஞ்சிய சிலவும் ஓட மறுத்தன. இதில் மர்மம் எதுவும் இல்லை. இந்தக் கணிப்பானில் ஒரு நிரலை ராமில் வைக்கலாம், அல்லது ஆர்க்கைவில் வைக்கலாம். ராமில் உள்ளவை ஒரு செயலிழப்பு நேர்ந்தாலே அழிந்துவிடும். ஆர்க்கைவில் உள்ளவை தங்கும்; நினைவகப் பட்டியலில் அவற்றின் பெயருக்கு முன்னால் ஒரு நட்சத்திரக் குறி இருக்கும். வாழ்நாள் உத்தரவாதம் பேசியவர், மிக முக்கியமான கோப்பைக்கூட அந்த நட்சத்திரக் குறி இல்லாமல் ராமிலேயே விட்டுவைத்திருந்தார். செய்தி அனுப்பிக் கேட்டதற்கு, மீண்டும் 'திறந்து' கொடுக்க 15 வெள்ளி ஆகும் என்று பதில் வந்தது. நினைவகம் அழிவது வாடிக்கையாளரின் கவனக்குறைவாம்.

'திறந்து கொடுப்பது' என்றால் என்ன என்று துருவியபோதுதான் முழு விவரமும் வெளிவந்தது. அபவுட் திரையை மீண்டும் பார்த்தோம். பதிப்பு 5.6 என்று இருந்தது. எங்களிடம் ஒரு வார்த்தைகூடக் கேட்காமல் இயக்க மென்பொருளை அவர் மேம்படுத்தியிருக்கிறார்.

மேம்படுத்துவது நல்லதுதானே என்று தோன்றலாம். இந்தக் கருவியைப் பொறுத்தவரை அப்படியில்லை. வேகமான, வண்ணமயமான விளையாட்டுகள் எல்லாம் அசெம்பிளி மொழியிலோ சி மொழியிலோ எழுதப்பட்டவை. 5.3 போன்ற பழைய பதிப்புகளில் அவற்றை மற்ற நிரல்களைப் போலவே நேரடியாக ஓட்டலாம். 2020-இல், தேர்வுகளில் முறைகேட்டுக்கு இடம் தரக்கூடாது என்ற நோக்கில், அடுத்து வந்த பதிப்புகளிலிருந்து அந்த வசதியை நிறுவனம் அகற்றிவிட்டது. ஆர்வலர்கள் சும்மா இருக்கவில்லை. கருவியோடு வரும் காப்ரி ஜூனியர் என்ற வடிவியல் செயலியில் இருந்த ஓட்டை ஒன்றின் வழியாக அந்த நிரல்களை மறுபடியும் ஓட வைக்கும் ஆர்ட்டிஃபிஸ் என்ற கருவியை எழுதி, இலவசமாகவே வெளியிட்டார்கள். எங்களுக்கு 'திறந்து' கொடுக்கப்பட்டது இந்த இலவசக் கோப்புதான். 5.3-இலேயே விட்டிருந்தால் எங்களுக்கு அது தேவையே பட்டிருக்காது. பூட்டு இல்லாத கதவுக்குப் பூட்டுப் போட்டு, சாவியை விலைக்கு விற்றிருக்கிறார். வாடிக்கையாளர் திரும்பத் திரும்ப வரவேண்டும் என்பதற்காகவே இப்படிச் செய்கிறார் என்பது என் கணிப்பு; வேறு காரணம் இருந்தால் அவர் சொல்லியிருக்கலாம், கேட்டும் சொல்லவில்லை. புதிய பதிப்பை ஏற்றிய பின் பழையதை மேலே போட முயன்றால் கருவி ஏற்றுக்கொள்வதில்லை. நாங்கள் முயன்று பார்த்தோம்.

அடுத்து அந்த 200 விளையாட்டுகளின் கதை. அவர் வேலை முடித்ததும் என் மகன் நினைவகப் பட்டியலைத் தன் கைப்பேசியில் படமெடுத்து வைத்திருந்தான். நிரல் பெயர் எட்டு எழுத்துக்கு மேல் போகக்கூடாது என்பதால் எல்லாப் பெயர்களும் சுருக்கெழுத்துப் போலத்தான் இருந்தன; யாருக்கும் சந்தேகம் வராது. ஆனால் பெயருக்கு எதிரே உள்ள பைட் கணக்கைப் பார்த்தால், டெட்ரிஸ்1, பிளாக்ஸ், ஸ்டாக்கர் என்ற மூன்றுக்கும் கடைசி இலக்கம் வரை ஒரே அளவு. திரை உறைவதற்கு முன் ஓட்டிப் பார்த்தபோதும் மூன்றும் ஒரே விளையாட்டுதான். பாம்பு விளையாட்டும் அப்படியே பல பெயர்களில் இருந்தது. இரட்டிப்புகளைக் கழித்த பிறகு மிஞ்சியவற்றில் பல, கருவியின் சொந்த பேசிக் மொழியில் எழுதிய, எண்ணைக் கண்டுபிடி, கல்-காகிதம்-கத்தரிக்கோல் போன்ற சிறு நிரல்கள். அவற்றுக்கு எந்தத் திறப்பும் வேண்டாம். ஒரு மதிய இடைவேளையில் என் மகனே எழுதிவிடக்கூடியவை.

இவற்றையெல்லாம்விட என்னைக் கலங்க வைத்தது பட்டியலில் இருந்த வேறொரு கோப்பு. அழித்தாலும் போகாது என்ற வாக்குறுதியின் பொருள் அதைப் பார்த்த பிறகே புரிந்தது. திரை உறைவதற்கு முன்பே என் மகன் ஓட்டிப் பார்த்திருந்த அந்த நிரலை ஓட்டினால், நினைவகம் அழிக்கப்படும்போது வரும் திரைகளைப் போன்றவை ஒவ்வொன்றாக வந்து, கடைசியில் அழிந்துவிட்டது என்ற அதே வாசகம் நிற்கிறது. ஆனால் உள்ளே எதுவும் அழிவதில்லை. எல்லாம் இருந்த இடத்தில் இருக்கின்றன. உண்மையான செயலிழப்பில் அந்த நிரலும் சேர்ந்தே அழிந்தது என்பது வேடிக்கை. தேர்வுக்கு வரும் ஜிசியில் சேமித்து வைத்த தகவல் எதுவும் இருக்கக்கூடாது என்பது மாணவர்களுக்குத் தெரிந்த விதி. அழித்ததாகக் கண்காணிப்பாளருக்குப் பொய்த் திரை காட்டும் நிரல் ஒன்று பிள்ளையின் கருவியில் இருப்பது தெரிந்தால், அதை அவன் கேட்டு வாங்கவில்லை, பயன்படுத்தவும் இல்லை என்று யாரிடம் போய் நிரூபிப்பது? உள்ளே விளையாட்டுதான் இருந்தது, சூத்திரங்கள் இல்லை என்ற விளக்கம் அந்த நேரத்தில் எடுபடாது. இந்தச் சேவையைப் பயன்படுத்தியவர்கள் யாராக இருந்தாலும், மெம் பட்டியலில் ரீசெட் என்பதற்குச் சென்று, ஆல் என்ற கடைசிப் பிரிவில் உள்ள முழு அழிப்பை இன்றே செய்துவிடுங்கள். கூடவே வந்த செயலிகளும் அதில் அழிந்துபோகும். நிறுவனத்தின் தளத்தில் அவை இலவசமாகக் கிடைக்கின்றன என்பதால் கவலை வேண்டாம்.

விளையாட்டுகளும் அப்படித்தான், பெரும்பாலும் இலவசம். 1994-இல் டிஐ-85 கணிப்பானுக்காக இசட்ஷெல் என்ற நிரல் வெளிவந்த நாளிலிருந்து, இந்த வேலையைச் செய்தவர்களில் பெரும்பாலோர் மாணவர்களும் பொழுதுபோக்காக நிரல் எழுதியவர்களுமே. 1996 முதல் டிகால்க் தளத்திலும், பின்னர் செமிடெக், டிஐ-பிளானட் ஆகிய தளங்களிலும் ஆயிரக்கணக்கான நிரல்களை மூல நிரலோடும் விளக்கக் குறிப்போடும் வைத்திருக்கிறார்கள். எழுதியவர் பெயர் இருக்கும் அந்தக் குறிப்புகளை எல்லாம் நீக்கிவிட்டுத்தான் எங்களுக்கு விற்றிருக்கிறார் இவர். பணம் கொடுத்தவருக்கும் நட்டம், எழுதியவருக்கும் அவமதிப்பு.

முழு அழிப்புக்குப் பிறகு என் மகனே எல்லாவற்றையும் புதிதாக ஏற்றினான். தேவைப்பட்டவை, கருவியோடு வந்த கம்பியும், டிஐ கனெக்ட் சிஇ என்ற இலவச மென்பொருளும் மட்டுமே. முதலில் ஒரு விளையாட்டை மட்டும் ஏற்றி ஓட்டியபோது, விளையாட்டு ஓடத் தேவையான துணை நிரல் நூலகம் இல்லை என்று சொல்லி, அதை எங்கிருந்து இறக்கிக்கொள்ளலாம் என்ற இணைய முகவரியையும் கணிப்பானே திரையில் காட்டியது. சி நூலகங்கள் என்ற அந்தத் தொகுப்பை ஏற்றிய பிறகு அந்தத் தடை நீங்கியது. இப்போது 5.6 ஆகிவிட்டதால், ஆர்ட்டிஃபிஸ் கோப்பையும், நிரல்களைச் சின்னங்களாக அடுக்கிக் காட்டும் சீசியம் என்ற ஷெல்லையும் சேர்க்க வேண்டியிருந்தது. எல்லாவற்றையும் ஆர்க்கைவுக்கு மாற்றி, நட்சத்திரக் குறிகளைச் சரிபார்த்துக்கொண்டான். உங்கள் கருவி 2020-க்கு முந்தைய பதிப்பில் இருந்தால் இந்தக் கடைசிப் பகுதியே தேவையில்லை. புதிய பதிப்பு வந்திருக்கிறது, ஏற்றட்டுமா என்று மென்பொருள் கேட்டால் மட்டும், கல்லூரி கட்டாயமாகக் கேட்டாலொழிய, வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். தேர்வுக் காலத்தில் எல்லாவற்றையும் உண்மையாகவே அழித்துவிட்டு, முடிந்ததும் மறுபடி ஏற்றிக்கொள்ளலாம் என்று அவனிடம் சொல்லியிருக்கிறேன். கோப்புகள் கணினியில் இருக்கின்றன.

பணத்தைத் திருப்பிக் கேட்டு, இரண்டு அபவுட் படங்களையும், ஒரே அளவுள்ள கோப்புகளின் படத்தையும் அனுப்பினேன். ஏற்கெனவே ஓட்டிக் காட்டிவிட்டேனே என்று ஒரு வரி பதில் வந்தது. அதோடு, மேற்கொண்டு செய்தி அனுப்ப முடியாதபடி என்னைத் தடுத்துவிட்டார். சந்தைத் தளத்தில் செய்த முறையீட்டுக்கு, தளத்துக்கு வெளியே பணம் செலுத்தியதால் தங்கள் பாதுகாப்புத் திட்டம் பொருந்தாது என்று தானியங்கிப் பதில் வந்தது. சிறு கோரிக்கைகள் நடுவர் மன்றத்தில் 20,000 வெள்ளி வரையிலான இத்தகைய வழக்குகளைத் தொடுக்க வழி இருக்கிறது. ஆனால் எதிர்த்தரப்பின் முழுப் பெயரும் முகவரியும் வேண்டும். என்னிடம் இருப்பது கைப்பேசி எண்ணும், பேநவ் காட்டிய பாதிப் பெயரும் மட்டுமே. 45 வெள்ளிக்காக அதற்கு மேல் அலைய எனக்கு நேரமில்லை.

அவருடைய விளம்பரம் சில வாரங்கள் காணாமல் போய், வேறு கணக்கில், அதே படங்களோடு, 'எழுதுபொருள், கல்வி' பிரிவில் மீண்டும் வந்திருக்கிறது. நீல நிற டிஐ-84 பிளஸ் சிஇ-யின் திரையில் கட்டங்கள் அடுக்கும் விளையாட்டு ஓடும் படம் அது. அழித்தாலும் போகாது என்ற வாசகம் இப்போது பெரிய எழுத்தில் இருக்கிறது. கருவியை ஒப்படைப்பதற்கு முன்பே அபவுட் திரையின் படத்தை அனுப்பச் சொன்னால், பெரும்பாலும் நீங்கள் பேசிக்கொண்டிருப்பது அதே ஆளிடம்தான். தளத்தின் புகார் பொத்தானை நானும் அழுத்திவிட்டேன், இன்னும் சிலர் அழுத்தினால் இந்த முறை கவனிக்கக்கூடும்.